மசித்த கிழங்கின் வரலாறு

 

வரலாறு என்றதும் மன்னர்களும் போர்களும் கோட்டைகளும் நம் நினைவுக்கு வருகின்றன. ஆனால் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் எங்களுக்கு வரலாறு கற்பித்த விரிவுரையாளர் வேறொன்று சொல்வார். "பிள்ளைகளுக்கு வரலாற்றைக் கோட்டையிலிருந்து தொடங்காதீர்கள், சாப்பாட்டுத் தட்டிலிருந்து தொடங்குங்கள்" என்பார். இன்று அவர் சொற்படியே, ஒரு தட்டில் இருந்த ஒரு கரண்டி கிழங்கிலிருந்து தொடங்குகிறேன்.

நான் பணிபுரியும் பள்ளி, ஜொகூர் மாநிலத்தின் தென்மேற்குக் கரையில், பொந்தியான் வட்டாரத்தில் இருக்கிறது. ஒரு திங்கட்கிழமை, நான்காம் ஆண்டு மாணவி ஒருத்தி வகுப்பில் எழுந்து நின்றாள். சனிக்கிழமை அவளுடைய அப்பா குடும்பத்தோடு பட்டணத்துக் கோழிக்கடைக்கு அழைத்துப் போயிருக்கிறார். "டீச்சர், கோழியோடு சின்னக் கிண்ணத்தில் வெள்ளையாக, மெத்தென்று ஒன்று கொடுத்தார்கள். அது உருளைக்கிழங்காம். நம் வீட்டில் செய்ய வருமா?" என்று கேட்டாள். பக்கத்தில் இருந்த பையன் சிரித்தான். "அது வெள்ளைக்காரன் சாப்பாடு, நம் வீட்டில் செய்ய வராது" என்றான்.

அந்தப் பையன் சொன்னது சரியா? மறுநாள் பள்ளி வாசலில் அந்தப் பிள்ளையின் தாயாரும் அதே கேள்வியைத்தான் கேட்டார். இருவருக்கும் நான் சொன்ன பதிலே இன்றைய உரை.

கெண்டகி கோழிக்கடை நம் நாட்டில் முதன்முதலாகக் கோலாலம்பூரில் 1973-ஆம் ஆண்டில் திறக்கப்பட்டது. அதன் பிறகுதான் மசித்த உருளைக்கிழங்கு என்பது நம்மில் பலருக்குத் தெரிய வந்தது. கடையில் வந்ததால் அது கடைக்காரர்களின் பண்டம் என்று எண்ணிவிட்டோம். ஆனால் வேகவைத்ததை மசித்து உண்பது நமக்குப் புதிதா? "மசியல்" என்ற சொல்லே நம்மிடம் இருக்கிறதே! கீரை மசியல் செய்கிறோம், சேனைக்கிழங்கு மசியல் செய்கிறோம். பருப்பைக் கடைவதற்கு வீட்டுக்கு வீடு மத்து இருக்கிறது. பூரிக்குத் தொட்டுக்கொள்ளும் கிழங்கு என்ன? மசாலா தோசைக்குள் வைப்பது என்ன? மஞ்சளும் வெங்காயமும் சேர்ந்த மசித்த உருளைக்கிழங்குதானே! ஆகவே மசியல் நம்முடையது. உருளைக்கிழங்குதான் விருந்தாளி. அந்த விருந்தாளி எங்கிருந்து, எப்படி, என்னென்ன துன்பங்களைக் கடந்து நம் அடுப்படிக்கு வந்தது என்பதைக் கேளுங்கள்.

தென் அமெரிக்காவில் ஆண்டிஸ் என்ற நீண்ட மலைத்தொடர் இருக்கிறது. இன்றைய பெரு, பொலிவியா ஆகிய நாடுகளின் எல்லையில், கடல் மட்டத்திற்கு 3,800 மீட்டர் உயரத்தில் டிட்டிகாக்கா என்ற பெரிய ஏரி உள்ளது. அந்த ஏரியைச் சூழ்ந்த மேட்டு நிலங்களில் வாழ்ந்த மக்கள் ஏறத்தாழ 8,000 ஆண்டுகளுக்கு முன்பே காட்டுக் கிழங்கைப் பண்படுத்திப் பயிர் செய்தார்கள். அவர்கள் ஒரே வகைக் கிழங்கை நடவில்லை. சிவப்பு, ஊதா, மஞ்சள், கறுப்பு என்று நூற்றுக்கணக்கான வகைகளை நட்டார்கள். ஒரு வகை பனியில் கருகினால் இன்னொரு வகை பிழைக்கும். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் இதற்குத் திரும்பி வருவோம்.

அந்த மலைவாசிகள் கிழங்கைச் சேமிக்கவும் ஒரு வழி கண்டார்கள். இரவில் கிழங்குகளை வெளியில் பரப்பி உறைய விடுவார்கள். பகலில் வெயில் பட்டு இளகியதும் காலால் மிதித்து நீரை வெளியேற்றுவார்கள். இப்படிப் பல நாள் செய்து உலர்த்தினால் கிழங்கு காய்ந்த கல்போல் ஆகிவிடும். அதற்குச் சூன்யோ என்று பெயர். அது ஆண்டுக்கணக்கில் கெடாது. நாம் வற்றல் போடுவதைப் போன்ற அறிவுதான் இது. இன்கா பேரரசின் களஞ்சியங்களில் இந்தச் சூன்யோ குவிந்திருந்தது.

1532-ஆம் ஆண்டில் ஸ்பானியர் அந்தப் பேரரசுக்குள் நுழைந்தார்கள். அவர்கள் தேடி வந்தவை பொன்னும் வெள்ளியும். வெள்ளிச் சுரங்கங்களில் அந்நாட்டு மக்களை வேலை வாங்கினார்கள். அவர்களுக்கு உணவாக அதே உலர்ந்த கிழங்கைக் கொடுத்தார்கள். வெள்ளி கப்பலேறிற்று. கிழங்கும் கூடவே கப்பலேறிற்று. 1570-களில் அது ஸ்பெயின் நாட்டில் விளைந்துகொண்டிருந்தது. கொண்டுபோன வெள்ளி எல்லாம் செலவாகிப் போயிற்று. யாரும் மதிக்காத கிழங்கோ இன்றும் உலகுக்குச் சோறு போடுகிறது.

ஐரோப்பியர் இதை உடனே விரும்பி உண்டார்கள் என்று நினைக்காதீர்கள். மண்ணுக்கடியில் விளைவதாயிற்றே, வேதப் புத்தகத்தில் சொல்லப்படாததாயிற்றே என்று அஞ்சினார்கள். இதைத் தின்றால் தொழுநோய் வரும் என்று பிரான்ஸ் நாட்டில் சிலர் நம்பினார்கள். பன்றிக்குப் போட்டார்கள். பிரஷ்ய நாட்டு மன்னர் இரண்டாம் பிரடெரிக், பஞ்சத்தைத் தடுக்கக் கிழங்கு பயிரிட வேண்டும் என்று 1756-ஆம் ஆண்டில் தம் அதிகாரிகளுக்கு ஆணையே பிறப்பிக்க வேண்டியிருந்தது.

அந்தக் காலத்தில் நடந்த ஏழாண்டுப் போரில் பார்மான்டியே என்ற பிரெஞ்சுக்காரர், படையில் மருந்தாளராக இருந்தார். பிரஷ்யரிடம் சிறைப்பட்டார். சிறையில் அவருக்குக் கிடைத்த உணவு உருளைக்கிழங்கு. தம் நாட்டார் பன்றிக்குப் போடும் பண்டத்தைத் தின்றும் தாம் நோயின்றி இருப்பதை அவர் கவனித்தார். விடுதலையாகி நாடு திரும்பியதும், மக்களை இதை உண்ண வைப்பதையே தம் வாழ்நாள் பணியாகக் கொண்டார். அவரைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். பாரிஸ் நகருக்கு அருகே கிழங்கு பயிரிட்டு, பகலெல்லாம் அதற்குப் படைவீரர்களைக் காவல் வைத்தாராம். இரவில் காவலை எடுத்துவிட்டாராம். காவல் போடுகிற பொருள் விலைமதிப்புள்ளதாகத்தான் இருக்கும் என்று எண்ணிய ஊரார், இரவில் வந்து திருடிக்கொண்டு போய்த் தங்கள் நிலத்தில் நட்டார்களாம். மாங்காய்த் தோப்புக்கு வேலி போட்டால்தான் நம் பையன்களுக்கு ஆசை வரும், இல்லையா?

இங்கிலாந்தில் அப்போதே மசியல் வந்துவிட்டது. ஹன்னா கிளாஸ் என்ற அம்மையார் 1747-ஆம் ஆண்டில் ஒரு சமையல் நூல் வெளியிட்டார். வீட்டு வேலைக்காரப் பெண்களும் படித்துப் புரிந்துகொள்ளும்படி எளிய நடையில் எழுதிய நூல் அது. அதில் மசித்த உருளைக்கிழங்குக்குக் குறிப்பு இருக்கிறது. 2 ராத்தல் கிழங்கை வேகவைத்துத் தோலுரித்து மசிக்க வேண்டும். ஒரு பைண்ட் பாலும் உப்பும் சேர்த்து அடிபிடிக்காமல் கிளற வேண்டும். கால் ராத்தல் வெண்ணெய் சேர்த்து இறக்க வேண்டும். ஏறத்தாழ 280 ஆண்டுகள் ஆகின்றன. இன்றும் செய்முறை இதுதான்.

நேயர்களே, இதுவரை சொன்னது கிழங்கின் வெற்றிக் கதை. இனிச் சொல்லப்போவது தோட்டத் தொழிலாளர் குடும்பங்களாகிய நாம் கூர்ந்து கேட்க வேண்டிய கதை.

அயர்லாந்து ஒரு தீவு. 19-ஆம் நூற்றாண்டில் அது ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்தது. நிலம் பெரும்பாலும் நிலப்பிரபுக்களுக்குச் சொந்தம். ஏழை உழவன் கோதுமையும் ஓட்ஸும் விளைவித்து, விற்று, வாடகை கட்டினான். தன் குடும்பம் உண்பதற்கு ஒரு மூலையில் கிழங்கு நட்டான். சிறிய நிலத்தில் நிறைய விளைவது கிழங்கு ஒன்றுதான். உழைப்பாளி ஒருவன் நாளொன்றுக்குப் பத்துப் பன்னிரண்டு ராத்தல் கிழங்கு உண்டான். கிழங்கும் மோரும் இருந்தால் சாப்பாடு முடிந்தது. கிழங்கை மசித்துப் பாலும் முட்டைக்கோசும் கலந்து உண்பது அவர்கள் வழக்கம். அதற்குக் கால்கானன் என்று பெயர். அயர்லாந்து மக்கள் இன்றும் அதை விரும்பிச் செய்கிறார்கள்.

ஆனால் அவர்கள் பெரிதும் நட்டது "லம்பர்" என்ற ஒரே ஒரு வகைக் கிழங்கு. ஆண்டிஸ் மலைவாசிகள் நூற்றுக்கணக்கான வகைகளை நட்டதை நினைத்துப் பாருங்கள். 1845-ஆம் ஆண்டில் ஒரு பயிர் நோய் கடல் கடந்து வந்தது. இலை கறுத்தது. மண்ணுக்கடியில் கிழங்கு அழுகிக் கூழாயிற்று. ஒரே வகையாக இருந்ததால் ஒரு வயலில் பற்றிய நோய் நாடெங்கும் பரவிற்று. அடுத்த ஆண்டும் அதே கதி. சில ஆண்டுகளில் ஏறத்தாழ பத்து லட்சம் மக்கள் பசியாலும் காய்ச்சலாலும் மாண்டார்கள். இன்னும் பத்து லட்சம் பேருக்கு மேல் கப்பலேறி அமெரிக்காவுக்கும் பிற நாடுகளுக்கும் போனார்கள். கொடுமை என்னவென்றால், அந்தப் பஞ்சத்திலும் அயர்லாந்தில் விளைந்த தானியம் கப்பல் கப்பலாக வெளியே போய்க்கொண்டிருந்தது. கோதுமை விளைவித்த கைக்குக் கோதுமை சொந்தமில்லை.

அதே 1845-ஆம் ஆண்டில் இன்னொரு கப்பல் நம் மக்களை ஏற்றிக்கொண்டு போயிற்று. மே மாதம் 30-ஆம் நாள், "ஃபாத்தல் ரசாக்" என்ற கப்பல் கல்கத்தாவிலிருந்து ஏறத்தாழ 225 இந்தியர்களுடன் மேற்கிந்தியத் தீவுகளில் ஒன்றான டிரினிடாடை அடைந்தது. டிரினிடாடின் கரும்புத் தோட்டங்களில் ஒப்பந்தக் கூலிகளாக வேலை செய்யப் போன முதல் கூட்டம் அது. பின்னர் சென்னைத் துறைமுகத்திலிருந்தும் தமிழர்கள் போனார்கள். பீகார்ப் பகுதியிலிருந்து போனவர்கள் தங்கள் ஊர்ச் சமையலையும் கொண்டுபோனார்கள். அதில் ஒன்று சோக்கா. உருளைக்கிழங்கை வேகவைத்து மசித்து, பச்சை வெங்காயமும் மிளகாயும் பிசைந்து, பூண்டு தாளித்த சூடான எண்ணெயை மேலே ஊற்றினால் அதுதான் ஆலு சோக்கா. டிரினிடாட் இந்தியர் இன்றும் ரொட்டியோடு இதை உண்கிறார்கள். அந்த மாணவி கோழிக்கடையில் கண்ட மசியலுக்கு இது உடன்பிறப்பு. வெண்ணெய் வாங்க வசதி இல்லாத தோட்டத் தொழிலாளி, பூண்டையும் எண்ணெயையும் கொண்டு அதே மென்மையை உண்டாக்கினான்.

பூண்டு என்றதும் இன்னொன்றும் சொல்ல வேண்டும். பூண்டு மத்திய ஆசியாவில் தோன்றிய பயிர். எகிப்து நாட்டில் இளம் மன்னர் துத்தன்காமனின் கல்லறையை 1922-ஆம் ஆண்டில் திறந்தபோது அதனுள்ளும் பூண்டு இருந்தது. ஆனால் பூண்டு மன்னருக்கு மட்டும் உரியதாக இருக்கவில்லை. பெரிய பிரமிடைக் கட்டிய தொழிலாளிகளுக்கு முள்ளங்கி, வெங்காயம், பூண்டு வாங்கிய செலவு அந்தப் பிரமிடிலேயே எழுதப்பட்டிருப்பதாக மொழிபெயர்ப்பாளர் தமக்குப் படித்துச் சொன்னார் என்று கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோடஸ் எழுதியிருக்கிறார். அவர் வாழ்ந்தது கி.மு. 5-ஆம் நூற்றாண்டு. ஆக, பூண்டு மிகப் பழங்காலத்திலேயே உழைப்பவன் உணவாகப் பெயர் பெற்றிருக்கிறது.

இனித் தமிழ்நாட்டுக்கு வருவோம். போர்த்துக்கீசியர் கொண்டுவந்த கிழங்கு இந்தியாவின் மேற்குக் கரையில் முதலில் வேரூன்றிற்று. மராத்தியர் இன்றும் அதைப் "பட்டாட்டா" என்றே அழைக்கிறார்கள். நீலகிரி மலைக்கு அதைக் கொண்டுவந்தவர், கோயம்புத்தூர் கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன். உதகமண்டலத்தில் 1822-ஆம் ஆண்டில் வீடு கட்டத் தொடங்கிய அவர், ஐரோப்பியக் காய்கறிகளையும் அங்கே பயிரிட்டார். மலைவாழ் படகர் மக்கள் அதைக் கற்றுக்கொண்டு சிறந்த உழவர்கள் ஆனார்கள். உருண்டையாக இருந்ததால் நம்மவர் அதற்கு உருளைக்கிழங்கு என்று அழகிய பெயர் சூட்டினார்கள்.

அங்கேயும் ஒரு பாடம் உண்டு. அதே நிலத்தில் ஆண்டுக்கு ஆண்டு கிழங்கே நட்டு வந்தார்கள். 1961-ஆம் ஆண்டில், வேரைத் தாக்கும் நுண்ணிய நூற்புழு நீலகிரி மண்ணில் இருப்பது தெரிய வந்தது. கண்ணுக்கு எளிதில் தெரியாத அந்தப் புழு, விளைச்சலை வெகுவாகக் குறைத்தது. உதகமண்டலத்திற்கு அருகே முத்தோரையில் 1957 முதல் இயங்கும் உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிலையம், புழுவை எதிர்த்து நிற்கும் வகைகளை உருவாக்கிற்று. நிலத்தில் கிழங்கை மாற்றி வேறு பயிர் நடும்படியும் உழவர்களுக்குச் சொல்லப்பட்டது. மண்ணுக்கும் மாற்றம் வேண்டும்.

சரி, நம் பொந்தியானில் உருளைக்கிழங்கு விளையுமா? விளையாது. கிழங்கு பருக்க இரவில் குளிர் வேண்டும். நம் ஊரோ கடல் மட்டத்தில், வெப்பத்தில் இருக்கிறது. மண்ணும் கரிமண், அழுகிய மரமும் இலையும் சேர்ந்த நீர்ப்பிடிப்பான மண். இந்த மண்ணில் அன்னாசி செழிக்கும். பெக்கான் நனாஸ் என்ற ஊரின் பெயரே அன்னாசிப் பட்டணம் என்பதுதான். தென்னை, ரப்பர், செம்பனை வளரும். கிழங்கில் மரவள்ளியும் சர்க்கரைவள்ளியும் வளரும். நம் கடைகளில் விற்கும் உருளைக்கிழங்கு பெரும்பாலும் சீனா, வங்காளதேசம் முதலிய நாடுகளிலிருந்து கப்பலில் வருவது.

கப்பலில் வருவது என்று சொன்னேன். அங்கேதான் நம்முடைய வரலாறு தொடங்குகிறது.

போருக்கு முன் மலாயாவில் உண்ட அரிசியில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு பர்மா, சயாம் முதலிய நாடுகளிலிருந்து வந்தது. தோட்டமெங்கும் ரப்பர். பால் வெட்டுவோம், உலகுக்கு அனுப்புவோம், அரிசியை வாங்கிக்கொள்வோம் என்பது ஏற்பாடு. அயர்லாந்து உழவனின் நிலைமையைப் போன்றதுதான் இதுவும். 1941-ஆம் ஆண்டு டிசம்பர் 8-ஆம் நாள் ஜப்பானியப் படை கோத்தா பாருவில் இறங்கியது. 1942 பிப்ரவரி 15-ஆம் நாள் சிங்கப்பூர் வீழ்ந்தது. அரிசிக் கப்பல் நின்றது. ரப்பரை வாங்க ஆளில்லை. தோட்டங்களில் வேலை இல்லை. பல்லாயிரக்கணக்கான தமிழர்களைச் சயாம் மரண ரயில் வேலைக்குக் கொண்டுபோனார்கள். 415 கிலோமீட்டர் நீளமுள்ள அந்தப் பாதையில் எத்தனையோ பேர் திரும்பி வரவில்லை. மிச்சமிருந்தவர்கள் லயத்தைச் சுற்றி மரவள்ளி நட்டார்கள். குச்சியை ஒடித்துக் குத்தினால் முளைக்கும் பயிர் அது. மூன்றரை ஆண்டு அந்தக் கிழங்குதான் சோறு, அதுவே பலகாரம். ஆனால் அதில் மாவுச்சத்துதான் மிகுதி. புரதம் மிகக் குறைவு. காலும் முகமும் வீங்கி மடிந்தவர்கள் பலர்.

என் பாட்டிக்கு அப்போது 12 வயது. எங்களுக்கு மரவள்ளியை அவித்து, தேங்காய்ப் பூவும் சீனியும் போட்டுக் கொடுப்பார். தான் மட்டும் ஒரு துண்டைக்கூட வாயில் வைத்ததில்லை. கேட்டால், "என் பங்கை அப்பவே தின்னு தீர்த்துட்டேன், கண்ணு" என்பார். அவருடைய தம்பி ஒருவர் அந்த ஆண்டுகளில் இறந்துபோனார் என்பதைப் பிற்பாடுதான் நாங்கள் அறிந்தோம்.

முதுமையில் பாட்டிக்குப் பல் எல்லாம் போயிற்று. சோறு இறங்கவில்லை. ஒரு நாள் நான் உருளைக்கிழங்கை வேகவைத்து, பூண்டும் வெண்ணெயும் பாலும் சேர்த்து மசித்துக் கொண்டுபோனேன். கிண்ணத்தைப் பார்த்ததும் பாட்டி முகத்தைத் திருப்பிக்கொண்டார். "மரவள்ளியா?" என்று கேட்டார். "இல்லை பாட்டி, உருளை" என்றேன். ஒரு கரண்டி வாங்கிக்கொண்டார். இன்னொரு கரண்டியும் வாங்கிக்கொண்டார். பிறகு மெல்லச் சொன்னார்: "அன்னிக்கு இந்தப் பூண்டும் உப்பும் கிடைச்சிருந்தா, தம்பி அந்தக் கிழங்கை இன்னும் ரெண்டு வாய் தின்னிருப்பான்."

நேயர்களே, கடையில் அது ஒரு சின்னக் கிண்ணம். ஆனால் என் பாட்டிக்கு அது ஒரு யுத்த காலம். அன்றிலிருந்து நான் இந்த மசியலைச் சாதாரணப் பண்டமாக எண்ணுவதில்லை.

இப்போது அந்தத் தாயார் கேட்ட கேள்விக்கு வருகிறேன். வீட்டில் எப்படிச் செய்வது? ஐந்து பேருக்குச் சொல்கிறேன். தாய்மார்கள் காகிதமும் பென்சிலும் எடுத்துக்கொள்ளுங்கள்.

உருளைக்கிழங்கு 1 கிலோ. "ஹாலந்து" என்று சொல்லி விற்கும் மஞ்சள் நிறக் கிழங்கு நல்லது. பச்சை நிறம் படர்ந்த கிழங்கை வாங்காதீர்கள். அதில் நஞ்சு உண்டு. பூண்டு 8 அல்லது 10 பல். வெண்ணெய் 60 கிராம். வெண்ணெய் விலை அதிகம் என்றால் செம்பனை எண்ணெயில் செய்த மார்ஜரின் போதும். அது நம் கைகள் விளைவித்ததுதானே. பால் ஒரு குவளை, அதாவது 200 மில்லிலிட்டர். பசும்பால் இல்லையென்றால் இனிப்புச் சேராத டின் பாலில் பாதிக்குப் பாதி தண்ணீர் கலந்துகொள்ளலாம். தேநீருக்கு ஊற்றும் இனிப்புப் பாலை ஊற்றிவிடாதீர்கள்! உப்பும் வெள்ளை மிளகுத் தூளும் தேவையான அளவு.

கிழங்கைத் தோல் சீவி ஒரே அளவான துண்டுகளாக வெட்டுங்கள். பூண்டைத் தோலுரித்து முழுப் பல்லாகவே அதனுடன் போடுங்கள். பச்சைத் தண்ணீர் ஊற்றி, உப்புப் போட்டு, பிறகு அடுப்பை மூட்டுங்கள். கொதிக்கிற நீரில் கிழங்கைப் போட்டால் மேற்புறம் குழைந்து நடுப்பகுதி வேகாமல் நிற்கும். தண்ணீரும் கிழங்கும் சேர்ந்து சூடேறினால் சீராக வேகும். கொதி வந்தபின் 15 அல்லது 20 நிமிடம். கத்தி நுனி தடையின்றி இறங்கினால் பதம் சரி.

பூண்டை ஏன் முழுதாகப் போடச் சொன்னேன்? பச்சைப் பூண்டை நசுக்கும்போதுதான் அதன் காரமும் நெடியும் பிறக்கின்றன. முழுதாக வேகும் பூண்டு காரம் அடங்கி வெண்ணெய்போல் ஆகிவிடும். பூண்டு பிடிக்காத பிள்ளையும் இதை உண்ணும்.

தண்ணீரை முழுவதும் வடித்துவிட்டு, சட்டியைச் சிறு தீயில் ஒரு நிமிடம் வைத்துக் குலுக்குங்கள். ஈரம் போய்விடும். சூட்டோடு மத்தால் மசியுங்கள். கீரை மசிக்கும் அதே மத்து போதும். முதலில் வெண்ணெயைச் சேர்த்துக் கலந்து, பிறகு சுடவைத்த பாலைச் சிறிது சிறிதாக ஊற்றுங்கள். குளிர்ந்த பால் ஊற்றினால் கிழங்கு ஆறி இறுகிவிடும். மிக்சியில் போட்டு அரைக்காதீர்கள். அதிகமாக அடித்தால் கிழங்கின் மாவுச்சத்து வெளிப்பட்டுச் சுவரொட்டி ஒட்டும் பசைபோல் ஆகிவிடும். கை வேலைதான் இதற்கு நல்லது. கடைசியில் மிளகுத் தூள் தூவி இறக்குங்கள்.

இதைக் கோழிக் குழம்போடும் உண்ணலாம், மீன் சம்பாலோடும் உண்ணலாம், வேகவைத்த முட்டையும் கீரையும் வைத்துக் கொடுக்கலாம். ஆனால் இது சோற்றுக்குப் பதிலாக உண்ண வேண்டியது. சோற்றோடு சேர்த்து உண்ண வேண்டியதன்று. இரண்டும் மாவுச்சத்து. வீட்டில் இனிப்புநீர் உள்ளவர்கள் இதை மறந்துவிடக் கூடாது.

உருளை விலை ஏறிய வாரத்தில் பாதி உருளையும் பாதி மரவள்ளியும் சேர்த்துச் செய்யலாம். மரவள்ளியை மட்டும் கவனமாகச் சமைக்க வேண்டும். வெளித்தோலோடு உள்ளே இருக்கும் தடித்த தோலையும் உரித்து, நடு நாரை நீக்கி, தனிச் சட்டியில் மூடாமல் நன்றாக வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும். பச்சையாக உண்ணவே கூடாது. கசக்கும் கிழங்கை ஒதுக்கிவிடுங்கள்.

நேயர்களே, இந்த வரலாறு நமக்குச் சொல்வது என்ன? ஆண்டிஸ் மலைவாசி பல வகை நட்டான், பிழைத்தான். அயர்லாந்து உழவனுக்கு ஒரு வகையைத் தவிர வேறு வழி விடப்படவில்லை, அழிந்தான். நம் முன்னோருக்கு வெளிநாட்டு அரிசியைத் தவிர வேறு வழி விடப்படவில்லை, பட்டினி கிடந்தார்கள். குற்றம் கிழங்கின் மேலும் இல்லை, உண்டவன் மேலும் இல்லை. உழைப்பவனுக்குச் சொந்தமாக ஒரு துண்டு மண் இல்லாததுதான் காரணம்.

இது பழங்கதை என்று தள்ளிவிட முடியாது. 2023-ஆம் ஆண்டில் இந்தியா பாஸ்மதி அல்லாத வெள்ளை அரிசி ஏற்றுமதியைத் தடை செய்தது. இறக்குமதி அரிசி விலை ஏறிற்று. நம் நாட்டில் விளைந்த மலிவு அரிசிப் பைகள் கடைகளில் கிடைக்காமல் நாம் அலைந்தோம் அல்லவா? அந்த வாரங்களில் கொல்லையில் நாலு மரவள்ளிச் செடி வைத்திருந்தவர்கள் சற்று நிம்மதியாக இருந்தார்கள்.

ஆகவே பெற்றோர்களே, வீட்டுக்குப் பின்னால் சாண் இடம் இருந்தாலும் இரண்டு மூன்று வகைக் கிழங்கு நட்டு வையுங்கள். பிள்ளைகளை நடச் சொல்லுங்கள். நட்டதைத் தோண்டி, மசித்து, பூண்டு சேர்த்து ஒருநாள் பரிமாறுங்கள். அப்போது தாத்தா பாட்டியர் பட்ட பாட்டையும் சொல்லுங்கள். நான்காம் ஆண்டு மாணவிக்கும் அவளைப் பார்த்துச் சிரித்த பையனுக்கும் நான் சொன்ன பதில் இதுதான்: இது எந்த ஒரு சாதிக்கும் நாட்டுக்கும் சொந்தமான சாப்பாடு அன்று. மலையில் உழுதவனும், சுரங்கத்தில் வெட்டியவனும், கரும்பு வெட்டியவனும், பால் மரம் வெட்டியவனும் உண்டு உயிர் பிழைத்த சாப்பாடு. நம் வீட்டில் செய்ய வரும்.

மறுவாரம் அந்தப் பையன் ஒரு டப்பாவில் மசியல் கொண்டுவந்தான். சற்றுக் கட்டி கட்டியாக இருந்தது. அவனே மத்துப் பிடித்தானாம். வகுப்பில் எல்லாரும் ஆளுக்கொரு வாய் உண்டோம்.